வெட்கமும் வாக்கும்

வாக்காளரைத் தேடிச் சென்று வேண்டினால் அவர் வாக்குச்சாவடிக்கு வருவாரா? எளிய இக்கேள்விக்குக் கருத்துக்கணிப்பு நம்பத்தக்க விடை தருவதில்லை. கட்சித் தொண்டர்கள் பெரும்பாலும் ஏற்கெனவே வாக்களிக்கக் கூடியவர்களின் கதவையே தட்டுகிறார்கள். வாக்களிக்காதோர் பலரும், கேட்டால், வாக்களித்ததாகவே சொல்கிறார்கள். எனவேதான் அரசியல் அறிவியலாளர்கள், குலுக்கல் முறையில் மக்களைக் குழுக்களாகப் பிரித்து ஒப்பிடும் களப் பரிசோதனையை நாடினர்.

அவற்றுள் பெரிதும் பேசப்படுவது, 2006 ஆகஸ்டில் அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலத்தில் கெர்பர், கிரீன், லாரிமர் ஆகிய மூவர் நடத்தியது. ஏறத்தாழ 1,80,000 வீடுகள் அதில் அடங்கின. பாதிக்கு மேற்பட்ட வீடுகளுக்குக் கடிதமே செல்லவில்லை. அங்கே வாக்களித்தோர் 29.7 விழுக்காடு. குடிமைக் கடமையை மட்டும் நினைவூட்டிய கடிதம் பெற்றோரிடையே அது 31.5. நீங்கள் ஆய்வில் கவனிக்கப்படுகிறீர்கள் என்று சொன்ன கடிதத்துக்கு 32.2. வீட்டாரின் பழைய வாக்களிப்புப் பதிவைக் காட்டிய கடிதத்துக்கு 34.5. அண்டை வீட்டாரின் பதிவையும் பெயருடன் பட்டியலிட்டு, தேர்தலுக்குப் பின் மீண்டும் பட்டியல் வரும் என்று அறிவித்த கடிதத்துக்கு 37.8. அங்கே ஒருவர் யாருக்கு வாக்களித்தார் என்பது இரகசியம். வாக்களித்தாரா என்பது பொதுப் பதிவு.

நான்கு கடிதங்களும் இட்ட கட்டளை ஒன்றே. மாறியது, அதற்குச் சாட்சி யார் என்பது மட்டுமே. சாட்சி நெருங்க நெருங்க எண்ணிக்கை ஏறியது.

இங்கே பரிசோதனை தன் எல்லையைத் தொடுகிறது. எது வேலை செய்கிறது என்பதை அது துல்லியமாகச் சொல்லும். வெட்கத்தால் வந்தவரும் விருப்பத்தால் வந்தவரும் அதன் கணக்கில் ஒருவரே. கடிதம் பெற்றோரிடம் முன்கூட்டி ஒப்புதல் கேட்கப்படவும் இல்லை.

2014இல் மொன்டானா மாநிலத்தில் இக்கேள்வி வெடித்தது. ஸ்டான்ஃபோர்ட், டார்ட்மத் பல்கலைக்கழகங்களின் ஆய்வாளர்கள், கட்சி சாராத நீதிபதித் தேர்தலின் வேட்பாளர்களைக் கருத்தியல் அளவுகோலில் நிறுத்தி, மாநில முத்திரையுடன் ஏறத்தாழ 1,00,000 வாக்காளர்களுக்கு அஞ்சல் அனுப்பினர். எதிர்ப்பு எழுந்தது, இரு பல்கலைக்கழகத் தலைவர்களும் வாக்காளர்களிடம் மன்னிப்புக் கோரிக் கடிதம் எழுதினர்.

தேர்தல் ஆய்வுக்கூடமன்று, அதன் முடிவோடு பல ஆண்டுகள் வாழப்போகிறவர்கள் அந்த மக்கள். இக்கடிதம் தன் வீட்டுக்கு வந்திருந்தால் ஏற்றிருப்போமா என்று ஆய்வாளர் கேட்டுக்கொள்வது, அறக்குழுவின் படிவத்தை நிரப்புவதற்கு முன்பே நிகழ வேண்டியது.