இருந்திருந்தால்...

1957இல் ஹியூ எவரெட் என்ற அமெரிக்கர் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் சமர்ப்பித்த ஆய்விலிருந்து 'பல உலகக் கொள்கை' பிறந்தது. அணுவுலகில் நிகழக்கூடியவை யாவும் நிகழ்கின்றன, ஒவ்வொன்றும் தனியோர் உலகாகக் கிளைக்கின்றது என்பது அதன் சாரம். இன்றுவரை நிரூபிக்கப்படாத கொள்கை. ஆயினும் நிகழ்தகவுப் பாடம் நடத்தும் எனக்கு அதை வாசித்ததும் எங்கள் கல்முனைக்குடிக் கடற்கரைதான் நினைவுக்கு வந்தது.

2004 டிசம்பர் 26 ஞாயிற்றுக்கிழமை, போயா தினமும்கூட. பாடசாலை இல்லை. வாரத்தில் ஐந்து நாட்கள் காலையில் பிள்ளைகள் வகுப்பில் இருப்பார்கள். அப்படியொரு நாளில் கடல் வந்திருந்தால் கரையோர வகுப்பறைகளின் கதி என்ன என்று நாங்கள் நடுங்கினோம். பிள்ளையைப் பறிகொடுத்த தந்தையொருவரோ, "பள்ளிக்கூடம் இருந்திருந்தா அவள் மேல்மாடியிலெ இருந்திருப்பாளே, சேர்" என்றார். ஒரே 'இருந்திருந்தால்'; உலகங்கள் இரண்டு. கணிதத்தில் அவருக்குப் பதிலில்லை.

நடந்து முடிந்ததில் 'இப்படிச் செய்திருந்தால்' என்பது ஷைத்தானுக்கு வாசல் திறக்கும் என ரஸூலுல்லாஹ் (ஸல்) எச்சரித்திருக்கிறார்கள். வரப்போவதைப் பற்றிய 'ஆல்' வேறு. அன்று சுமத்திராவில் நிலம் அதிர்ந்து, அலை இங்கு வர ஏறத்தாழ இரண்டு மணித்தியாலம் இருந்தது. யாரும் சொல்லவில்லை. கடல் உள்வாங்கினால் எத்திசையில் ஓடுவது என்பதை நிகழ்தகவோடு சேர்த்தே நான் கற்பிக்கிறேன். நம் கைக்கெட்டும் மறு உலகம் அவ்வளவுதான்.