மரித்தோரின் முகம் எவர் சொத்து?

மய்யித்தைக் குளிப்பாட்டுவோருக்கு மார்க்கம் ஓர் ஒழுங்கைக் கற்பித்திருக்கிறது. மறைவிடத்தின் மீது துணி போர்த்தியே நீர் ஊற்ற வேண்டும். உடலில் குறை ஏதும் கண்ணிற் பட்டால் அதனை வெளியே சொல்லலாகாது. தம்மைத் தாமே மறைத்துக்கொள்ள இயலாதவரை உயிரோடிருப்போர் மறைத்துக் காக்க வேண்டும் என்பதே இதன் உட்பொருள். திரைப்படத் துறையினர் இறந்தோரைக் கையாளும் விதத்தைக் காணும்போது இவ்வொழுங்கு நம் நினைவுக்கு வருகிறது.

புரூஸ் லீ 1973 ஜூலை 20 அன்று ஹாங்காங்கில் தமது 32ஆம் வயதில் காலமானார். அவர் முடிக்காமல் விட்ட 'கேம் ஆஃப் டெத்' படத்தை, வேறொரு கதை கட்டி 1978இல் வெளியிட்டார்கள். அவர் சாயலுள்ளவர்கள் கறுப்புக் கண்ணாடி அணிந்து அவருக்குப் பதிலாக நடித்தார்கள். அதையாவது பொறுத்துக்கொள்ளலாம். கதாநாயகன் இறந்துவிட்டதாக நாடகமாடும் கட்டத்திற்கு அவர்கள் எடுத்துச் சேர்த்தது எதனை? புரூஸ் லீயின் உண்மையான இறுதிச் சடங்கின் படச்சுருளை! திறந்த பெட்டியில் கிடந்த அவர் முகமும் அதில் காட்டப்பட்டது. மெய்யாக அழுதவர்கள் தாம் அறியாமலே துணை நடிகர்களாயினர்.

பழைய படச்சுருளைத் தொடுவதே பிழை என்று நாம் கூறவில்லை. முதல் உலகப் போர் வீரர்களைப் பற்றிப் பீட்டர் ஜாக்சன் 2018இல் உருவாக்கிய ஆவணப்படம், இலண்டன் இம்பீரியல் போர் அருங்காட்சியகத்தின் ஓசையற்ற சுருள்களைக் கொண்டு ஆனது. உதட்டசைவைப் படிக்க வல்லவர்களை அமர்த்தி, வீரர்கள் பேசியதைக் கண்டறிந்து, அச்சொற்களுக்கே குரல் கொடுத்தார்கள். 1994இல் வந்த 'ஃபாரஸ்ட் கம்ப்' படத்திலோ, 1963இல் கொல்லப்பட்ட அதிபர் கென்னடியின் உதடுகளை மாற்றி, அவர் பேசாததைப் பேச வைத்தார்கள். முன்னது சாட்சியம், பின்னது புனைவு. இரண்டையும் ஒரே தட்டில் வைக்கலாகாது.

1997இல் விபத்தில் மறைந்த பாடகர் ஷாகுல் ஹமீதின் குரல், 2024இல் 'லால் சலாம்' படப் பாடலில் செயற்கை நுண்ணறிவின் துணையால் மீண்டும் ஒலித்தது. குடும்பத்தாரின் இசைவு பெற்று, உரிய ஊதியமும் அளித்ததாக ஏ. ஆர். ரஹ்மான் அறிவித்தார். நல்ல முன்மாதிரியே. ஆயினும் ஒரு வினா எஞ்சுகிறது. வீட்டையும் நிலத்தையும் பங்கிட எட்டில் ஒன்று, ஆறில் ஒன்று என நமக்குக் கணக்கு உண்டு. முகத்தையும் குரலையும் எக்கணக்கில் பங்கிடுவது? அவை வாரிசுகளுக்கு வந்த சொத்தல்ல, அவர்களிடம் விடப்பட்ட அமானிதம் என்பதே நம் துணிபு. சொத்தை விற்கலாம், அமானிதத்தை உரியவரின் விருப்பப்படியே காக்க வேண்டும்.

அவ்விருப்பத்தை அறிவதெங்ஙனம்? 2014இல் மறைந்த நடிகர் ராபின் வில்லியம்ஸ், தம் உருவத்தை 25 ஆண்டுகள் வணிகத்திற்குப் பயன்படுத்தலாகாதென முன்பே எழுதி வைத்திருந்தார். வஸிய்யத்து நமக்குப் புதிதன்று. நிக்காஹ் வீடியோக்களிலும் கைபேசிகளிலும் நம் வாப்பா, உம்மாவின் முகங்களும் குரல்களும் சேர்ந்துகொண்டிருக்கும் இந்நாளில், கடனையும் அடகையும் எழுதி வைக்கும் ஏட்டில் இதற்கும் ஒரு வரி ஒதுக்குவோம். கபுரில் அடங்கியவர் மறுப்புச் சொல்ல எழுந்து வரமாட்டார். அவருக்காக மறுக்க வேண்டியவர்கள் நாமே.