தண்ணீர் வற்றும் வரை

எரியோட்டில் எங்கள் காலத்துப் பிள்ளைகளுக்குக் காய் என்றால் முருங்கை, கத்தரி, அவரை, சுரை. கேரட் மலைக்காய். மன்னவனூர், பூம்பாறைப் பக்கம் விளைந்து, லாரியில் ஒட்டன்சத்திரம் சந்தைக்கு இறங்கி, எங்கள் ஊர்க் கடைக்கு வந்து சேர்வதற்குள் பாதி வாடியிருக்கும். பெரியவர்கள் 'இங்கிலீஷ் காய்' என்று அதைத் தள்ளியே வைத்திருந்தார்கள்.

அந்தக் காயை மதித்துச் சமைத்தவர் எங்கள் தெருவில் ஒருவர்தான். கொடைக்கானல் பங்களா ஒன்றில் சமையல்காரராக இருந்து, வயதான பிறகு ஊர் திரும்பியவர். 1845-லேயே அமெரிக்க மிஷனரிகள் அங்கே வீடு கட்டிக் குடியேறிவிட்டார்கள். அவர்களோடு வெள்ளைக்காரச் சமையலும் மலையேறிவிட்டது. சொந்தம் இல்லாவிட்டாலும் நாங்கள் அந்தச் சமையல்காரரைப் பெரியப்பா என்றுதான் கூப்பிடுவோம். பல் போன பெரியம்மாவுக்காக அவர் அடிக்கடி செய்த பதார்த்தம், வெண்ணெயும் சர்க்கரையும் போட்டுப் பளபளவென்று புரட்டி எடுத்த கேரட்.

அரைக் கிலோ கேரட்டைத் தோல் சீவி, அரை விரல் கனத்துக்கு வில்லை போடுவார். ஒன்று தடித்து ஒன்று மெலிந்து இருக்கக் கூடாது. "மெல்லிசு குழைஞ்சு போகும், தடிச்சது வேகாம நிக்கும். அந்த வேகாத ஒண்ணு உங்க பெரியம்மா வாயிலதான் போய் மாட்டும்" என்பார். வாணலி அகலமாக இருக்க வேண்டும். வில்லைகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறாமல் பரவ வேண்டும். ஒரு டம்ளர் தண்ணீர், இரண்டு ஸ்பூன் வெண்ணெய், இரண்டு ஸ்பூன் நாட்டுச் சர்க்கரை, ஒரு சிட்டிகை உப்பு. எல்லாம் ஒன்றாகவே அடுப்பில் ஏறும். மூடி கிடையாது.

முதலில் ஒன்றும் நடக்காது, வெறும் கொதிதான். எனக்கோ அப்போது எதுவும் உடனே ஆகிவிட வேண்டும். விறகை உள்ளே தள்ளப் போவேன். பெரியப்பா கரண்டிக் காம்பால் என் கையைத் தட்டுவார். "தண்ணி போறப்ப போகும்டா தம்பி. நீ எதுக்குத் தொரத்துற?" தீயைக் கூட்டினால் தண்ணீர் சீக்கிரம் போய்விடும், காய் வெந்திருக்காது, சர்க்கரை அடிப்பிடித்துக் கசந்துவிடும் என்பதெல்லாம் பிற்பாடுதான் புரிந்தது. அன்றைக்கு, கிழவர் வேண்டுமென்றே என்னைப் பட்டினி போடுகிறார் என்று நம்பினேன்.

தண்ணீர் வற்ற வற்றச் சத்தம் மாறும். சலசலப்பு அடங்கி, சிடுசிடு என்று கேட்கும். சின்னச் சின்னக் குமிழ்கள் பெரிதாகிச் சோம்பலாக உடையும். அந்த நேரத்தில் யார் வாசலில் வந்து கூப்பிட்டாலும் அவர் நகர மாட்டார். வாணலியைப் பிடித்து மெல்லக் குலுக்கிக்கொண்டே இருப்பார். பாகு ஒவ்வொரு வில்லையிலும் மெருகு போல ஏறியதும் இறக்கி, நாலு சொட்டு எலுமிச்சைச் சாறு, கொஞ்சம் தாண்டிக்குடி மிளகுத் தூள். மலையில் வறுத்த கறிக்குப் பக்கத்தில் வைத்ததை, எங்கள் வீடுகளில் ரசம் சாதத்துக்குத் தொட்டுக்கொண்டோம். நன்றாகவே சேர்ந்தது.

கேரட்டில் உள்ள பீட்டா கரோட்டின் கொஞ்சம் கொழுப்போடு சேர்ந்தால்தான் உடம்பில் நன்றாக ஒட்டும் என்று இப்போது மருத்துவர்கள் சொல்கிறார்கள். பெரியப்பா அதையெல்லாம் யோசித்து வெண்ணெய் போட்டிருப்பார் என்று நான் நினைக்கவில்லை. பெரியம்மா இரண்டாவது தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட வேண்டும், அவருக்கு அவ்வளவுதான்.

பொறுமை என்றால் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பது என்றுதான் வெகுகாலம் நினைத்திருந்தேன். அவர் அடுப்படியில் பார்த்தது வேறு. அவசரப்படவும் மாட்டார், விட்டுவிட்டுப் போகவும் மாட்டார். பிள்ளைகளைப் படிக்க வைத்தபோதும், நோயில் விழுந்தவர்களைப் பார்த்துக்கொண்டபோதும் எனக்குக் கைகொடுத்தது இந்த இரண்டும்தான். எதையும் தொடங்கி வைக்க ஆள் கிடைக்கும். பதம் வரும் நேரத்தில் பக்கத்தில் நிற்கத்தான் ஆள் குறைவு.

உங்கள் வீட்டிலும் மெல்ல முடியாத பெரியவர்கள் இருப்பார்கள். இந்த வாரம் ஒரு நாள் அவர்களுக்கு இதைச் செய்து கொடுங்கள். கடைசி ஐந்து நிமிடம் மட்டும் செல்போனை அடுத்த அறையில் வைத்துவிடுங்கள்.