குடும்பத் தலைவர் யார்?

காலையில் திருவனந்தபுரம் ஸ்ரீவராகம் குளத்தை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு வந்தால் என் நாற்காலியில் பேத்தியின் புத்தகம் கவிழ்ந்து கிடந்தது. ‘குலஸ்த்ரீயும் சந்தப்பெண்ணும் உண்டாயதெங்ஙனே’. குலப்பெண், சந்தைப்பெண் என்ற பிரிவுகள் எப்படி உண்டாயின என்று கேட்கிற, 2010-இல் வந்த புத்தகம். எழுதியவர் ஜே. தேவிகா, உள்ளூரில் (அந்த இடத்தின் பெயரே உள்ளூர்தான்) இருக்கும் வளர்ச்சி ஆய்வு மையத்தில் பல ஆண்டுகள் வரலாறு ஆராய்ந்தவர். நான் பஸ் போர்டு பார்த்து மலையாளம் படித்தவன். எழுத்துக் கூட்டி முடிக்கப் பதினைந்து நாளாயிற்று. பாதியிலேயே பழைய மோர் டம்ளர் ஒன்று நினைவுக்கு வந்துவிட்டது.

1971 மார்ச். மக்கள்தொகைக் கணக்கெடுப்பு. அந்த வேலை எப்போதும் வாத்தியார்கள் தலையில்தான் விடியும். நாகர்கோவில் பக்கத்திலிருந்து வந்து தமிழ் வாத்தியாராகச் சேர்ந்திருந்தேன். வயது இருபத்தாறு. தெரியாதது எதுவுமில்லை என்று நினைக்கிற வயது.

குளத்தங்கரையை ஒட்டி ஓர் ஓட்டு வீடு. திண்ணையில் எழுபது வயது அம்மா ஒருவர் பாக்கு வெட்டிக்கொண்டிருந்தார். பக்கத்தில் மகன் பேப்பருக்குள் முகம் புதைத்திருந்தார். அரசு உத்தியோகம், நாற்பது வயதிருக்கும். “குடும்பத் தலைவர் யார்?” என்றேன்.

“ஞான் தன்னே” என்றார் அம்மா.

நான் சிரித்தேன். அதை நினைத்தால் இப்போது கூசுகிறது. “அப்படியில்லை அம்மா, வீட்டை நடத்துகிறவர்...” என்று பாடம் எடுக்க ஆரம்பித்தேன்.

“நடத்துகிறது நான்தான் மோனே. இது என் அம்மையின் வீடு. எனக்குப் பிறகு மகளுக்கு. இவன் இங்கே சாப்பிடுகிறான், அவ்வளவுதான்.” மகன் பேப்பரை விலக்காமலே தலையாட்டினார்.

வீட்டார் யாரைத் தலைவர் என்கிறார்களோ அவர் பெயரைத்தான் எழுத வேண்டும் என்று பயிற்சியில் படித்துப் படித்துச் சொல்லியிருந்தார்கள். நான் மகன் பெயரை எழுதினேன். அம்மாவின் பெயர் மூன்றெழுத்து; மகனுக்கோ இனிஷியலும் ஜாதிப் பெயருமாக நீளப் பெயர். பேனா ஓடிய தூரத்தைப் பார்த்தே அம்மா கண்டுபிடித்திருக்க வேண்டும். பாக்குவெட்டியைக் கீழே வைத்தார். “மோரைக் குடிச்சிட்டு எழுது. வெயில்ல பேரெல்லாம் மாறிப்போகும்” என்றார். இஞ்சி தட்டி, நாரத்தை இலை கசக்கிப் போட்ட மோர். குடித்தேன். மாற்றவில்லை.

எனக்கு அந்த வீட்டு வழக்கம் தெரியாது என்று சொல்லித் தப்பிக்கவும் முடியாது. எங்கள் நாஞ்சில் நாட்டு வெள்ளாளர்களுக்குள்ளும் மருமக்கள்வழிதானே இருந்தது! மாமன் சொத்து சகோதரி மகனான மருமகனுக்கு. பெற்ற பிள்ளைகளுக்கு உகந்துடைமை என்று ஒரு சிறு பங்கு. வழக்கும் வக்கீலுமாகக் குடும்பங்கள் அழிந்தன. அதைத்தான் கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளை ‘மருமக்கள்வழி மான்மியம்’ என்று, வாழ்க்கைப்பட்டு வந்த ஒரு பெண்ணின் வாயால் சொல்லிச் சிரிக்கவும் கலங்கவும் வைத்தார். கவிமணி இதே திருவனந்தபுரத்தில் மகளிர் கல்லூரியில் வேலை பார்த்தவர். 1926-இல் சட்டம் வந்து எங்களுக்கு அந்த வழி மாறியது. மான்மியத்தை வகுப்பில் அபிநயத்தோடு சொல்லிக் கைதட்டு வாங்கியவன் நான். அதனால் மருமக்கள்வழி என்றாலே பெண்ணுக்கு அநியாயம் என்று மனசில் ஒரே வரியில் எழுதி வைத்திருந்தேன். திண்ணை அம்மா அந்த வரிக்குள் அடங்கவில்லை.

எங்கள் ஆச்சியைக் கேட்டிருந்தால் மான்மியத்தின் பக்கம் பேசியிருப்பாள். ஓட்டு வீட்டு அம்மாவுக்கோ அதே வழக்கம்தான் தலைக்கு மேல் கூரை. இரண்டும் நிஜம். தேவிகாவைப் படிக்கையில் எனக்குப் பிடித்தது இதுதான்: பழசெல்லாம் பொன் என்று அவர் சொல்லவில்லை. போன நூற்றாண்டின் தொடக்கத்தில் சீர்திருத்தம் பேசியவர்களே வீடு பெண்ணுக்கு, வெளியுலகம் ஆணுக்கு என்று கோடு கிழித்ததையும், அடக்கமான குடும்பப் பெண் என்ற அச்சு அப்போது வார்க்கப்பட்டதையும் காட்டுகிறார். அந்தக் காலத்துப் பெண்கள் சும்மா இருக்கவுமில்லை. 1898 முதல் 1938 வரை அவர்கள் எழுதியவற்றை ‘ஹெர்-செல்ஃப்’ என்று 2005-இல் தேவிகா ஆங்கிலத்தில் தொகுத்தார். பெண்களுக்கு அரசு வேலை எதற்கு என்றவர்களுக்குப் பதிலடி கொடுத்த அன்னா சாண்டியும் அதில் உண்டு. அவர் 1937-இல் முன்சீஃப் ஆனார், 1959-இல் கேரள உயர்நீதிமன்ற நீதிபதி.

புத்தகத் தலைப்பிலுள்ள சந்தைப்பெண் என்பது வசவாம். சாலைக் கடைத்தெருவில் கூடை வைத்து விற்கிற பெண்களிடம் ஐம்பது வருடமாகக் காய் வாங்குகிறேன். ஒருத்தி என் கண் சரியில்லாத நாளில் ஐந்நூறு ரூபாய் நோட்டைத் திருப்பிக் கையில் திணித்து, “நூறுன்னு நினைச்சுத் தர்றீங்க சாரே” என்றாள்.

1975-இல் போட்ட சட்டம் அடுத்த ஆண்டு டிசம்பரில் அமலுக்கு வந்து, கேரளத்தில் தாய்வழிக் கூட்டுக்குடும்ப உரிமை முடிந்தது. ஓட்டு வீடும் போய் அங்கே அடுக்குமாடி எழும்பிவிட்டது. கணக்கெடுப்புத் தாளில் மட்டும் நான் ஐந்து வருடம் முந்திக்கொண்டேன்.

2013 உணவுப் பாதுகாப்புச் சட்டத்துக்குப் பிறகு ரேஷன் கார்டில் வீட்டின் மூத்த பெண்தான் தலைவி. எங்கள் கார்டில் என் மனைவி முதலில், நான் அடுத்த வரியில். புத்தகத்தை மூடிவிட்டு இந்தக் கதையை அவளிடம் சொன்னேன். முழுக்கக் கேட்டாள். பிறகு கார்டையும் பையையும் நீட்டி, “மண்ணெண்ணெய் வந்திருக்காம், போயிட்டு வாங்க” என்றாள்.