பின் சக்கரத்தின் சத்தம்



இந்த வாரச் சிந்தனை ஒரு பாவ அறிக்கையிலிருந்து தொடங்குகிறது. அறிக்கை செய்கிறவன் உங்கள் போதகன்.

ஜூன் மாதத்தின் கடைசி ஞாயிறு. ஆராதனை முடிந்து நீங்கள் ஒவ்வொருவராக வெளியே வந்துகொண்டிருந்தீர்கள். நான் வாசலில் நின்று கைகுலுக்கிக்கொண்டிருந்தேன். அப்பொழுது நம் ஆலயப் பணியாளர் அருகில் வந்து, "ஐயா, வண்டி உள்ள வரும்போது பின் சக்கரத்துல ஏதோ உரசுற சத்தம் கேக்குது. ஒருக்கா பாத்துருங்க" என்றார். என்னைவிட மூத்தவர். நாள்தோறும் என் காருக்குக் கதவைத் திறந்துவிடுகிறவர். கண்ணாடியை ஏற்றிவிட்டு உள்ளே அமர்ந்திருக்கும் எனக்குக் கேட்காத ஒலி, வெளியே நிற்கும் அவருக்குக் கேட்டிருக்கிறது.

நானோ, சபையார் பலர் சூழ நிற்கையில், "வண்டியைப் பற்றி உமக்கு என்ன தெரியும்? போய் உம்முடைய வேலையைப் பாரும்" என்று சொல்லிவிட்டேன். அவர் ஒன்றும் பேசவில்லை. ஆலயத்துக்குள் சென்று மின்விசிறிகளை நிறுத்தத் தொடங்கினார். உங்களில் சிலர் அதைக் கேட்டீர்கள். ஒருவரும் என்னைக் கடிந்துகொள்ளவில்லை. நானும் அன்று மாலைக்குள் அதை மறந்துபோனேன்.

நான் அலட்சியம் செய்ததற்கு ஒரு காரணம் என்னிடம் இருந்தது. சாரல் காலத்தில் குற்றாலத்திலிருந்து வரும் ஈரக்காற்று தென்காசி வரை நனைத்துவிடுகிறது. இரவெல்லாம் வெளியே நிற்கும் காரின் பிரேக் டிஸ்க்கில், காலையில் செம்மண் பூசியதுபோல் மெல்லிய துரு படிந்திருக்கும். டிஸ்க் வார்ப்பிரும்பினால் ஆனது. ஈரம் பட்டால் ஓர் இரவே போதும். தெருமுனைக்குள் நாலைந்து முறை பிரேக் மிதித்தால் அந்தத் துரு தேய்ந்து போய்விடும், உரசல் ஒலியும் நின்றுவிடும். ஆகவே இதுவும் சாரலால் வந்த சத்தம்தான் என்று தீர்மானித்துவிட்டேன். அரைகுறையாக ஒன்றை அறிந்தவனுக்குப் பிறர் சொல் காதில் ஏறுவதில்லை.

ஜூலை இரண்டாம் வாரத்தில், புனலூரில் நோயுற்றிருந்த நம் சபையின் சகோதரி ஒருவருக்காக ஜெபிக்கச் சென்றோம். என் துணைவியாரும் சபையின் மூத்த தம்பதியர் இருவரும் காரில் இருந்தார்கள். திரும்பும்போது இரவாகிவிட்டது, ஆரியங்காவில் மழை. கோட்டைவாசலைக் கடந்து புளியரைக்கு இறங்கும் அந்த எஸ் வளைவை நீங்கள் அறிவீர்கள். சுமை லாரிகள் மூச்சிரைக்க ஏறிவரும் சாலை அது. ஒரு வளைவில் லாரி ஒன்று எங்கள் பக்கமாக அகன்று திரும்பியது. நான் பிரேக்கை மிதித்தேன். பின்னாலிருந்து, இரும்பை இரும்பு அராவும் ஓசை எழுந்தது. நிற்க வேண்டிய இடத்தில் கார் நிற்கவில்லை. இன்னும் சில அடிகள் வழுக்கிச் சென்று, லாரியின் முகத்துக்கு ஒரு முழம் முன்னால் நின்றது. பின்னிருக்கையிலிருந்த பாட்டியம்மா, "ஆண்டவரே" என்ற ஒரு சொல்லுக்கு மேல் சொல்லவில்லை. கியரைக் குறைத்து, நடைவேகத்தில் செங்கோட்டை வந்து சேர்ந்தோம்.

மறுநாள் தென்காசியில் எனக்குப் பழக்கமான மெக்கானிக் பாயிடம் காரை விட்டேன். அவர் வேலை செய்வதை அருகிலேயே நின்று பார்த்தேன். பின் சக்கரத்தைக் கழற்ற வேண்டுமானால் ஹேண்ட்பிரேக்கை விடுவிக்க வேண்டும். அதனால் முதலில் முன் சக்கரங்களுக்குக் கட்டை கொடுத்தார். ஜாக்கியில் தூக்கி, ஜாக்கியை மட்டும் நம்பாமல் ஸ்டாண்டும் வைத்தார். இடது பின் சக்கரத்தைக் கழற்றியதும் எனக்கு வியப்பு. டிஸ்க்கின் வெளிமுகம் பளபளவென்று இருந்தது. "நல்லாத்தானே இருக்கு பாய்?" என்றேன். அவர் விடை கூறாமல் என் கையைப் பிடித்து, உள்முகத்தில் என் விரலை வைத்துத் தடவச் செய்தார். உழுத வயலைப்போல் பள்ளம் பள்ளமாக இருந்தது. காலிப்பர் நகர்ந்து கொடுக்க வேண்டிய பின் துருவேறி இறுகிப்போயிருந்தது. அதனால் உள்பக்கத்துப் பேட் மட்டும் தேய்ந்து தேய்ந்து தகடாகி, அந்தத் தகடு டிஸ்க்கை அராவிக்கொண்டிருந்தது. சாலையில் நிற்பவன் சக்கரத்தின் இடைவெளி வழியே காண்பது வெளிமுகத்தை மட்டுமே.

"இவ்வளவு மோசமா இருந்தும் எனக்கு எப்படித் தெரியாமப் போச்சு?" என்று கேட்டேன்.

"முன்னால பிரேக் நல்லா இருக்குல்லா ஐயா. அதுதான் உங்கள ஏமாத்தியிருக்கு" என்றார் பாய்.

பின்னர் விளக்கினார். பிரேக் போடும்போது வண்டியின் பாரம் முன்னோக்கிச் சாய்கிறது. எனவே நிறுத்தும் வேலையில் ஏறத்தாழ 70 விழுக்காட்டை முன் சக்கரங்களே செய்கின்றன. சமதளச் சாலையில், மிதமான வேகத்தில், பின் பிரேக் கெட்டுப்போயிருப்பதை ஓட்டுகிறவன் உணரவே மாட்டான். மலை இறக்கத்திலும் மழையிலும் அவசரத்திலும்தான் அது வெளிப்படும். அன்றியும், பின் பிரேக்குக்கு வேலை குறைவு என்பதாலேயே அது துருப்பிடிக்கிறது. ஓரளவு அழுத்தமாக உழைக்கும் டிஸ்க் தன் துருவைத் தானே துடைத்துக்கொள்ளும்.

அடுத்து அவர் டிஸ்க்கின் தடிமனை அளந்தார். அதன் ஓரத்தில் ஒரு விளிம்பு எழும்பி நின்றது. பேட் அங்கே தொடுவதில்லை. ஆகையால் அந்த விளிம்பு தேய்வதும் இல்லை. "இந்த ஓரத்தையும் சேத்து அளந்தா புது டிஸ்க் மாதிரி காட்டும் ஐயா. பேட் உரசுற இடத்துலதான் அளக்கணும்" என்று சொல்லி, மைக்ரோமீட்டரை உள்ளே தள்ளி வைத்தார். ஓரிடத்தில் 7.4 மி.மீ. இருந்தது. டிஸ்க்கைச் செய்தவர்கள், எந்த அளவுக்குக் கீழே அதைப் பயன்படுத்தலாகாது என்பதை அதிலேயே பொறித்திருந்தார்கள். துருவைத் துடைத்தபோது 8 என்ற எண் தெரிந்தது. லேத்தில் கடைந்து சமப்படுத்தலாமா என்று கேட்டேன். தேய்ந்துபோன இரும்பு திரும்ப வளராது, கடைந்தால் இன்னும் மெலியும், புதிதுதான் போட வேண்டும் என்றார்.

பிரியமானவர்களே, பாயின் பட்டறையில் ஒரு மர முக்காலியில் அமர்ந்திருந்தபோது, ஆலய வாசலில் நான் பேசிய வார்த்தை என் நினைவுக்கு வந்தது. அந்த மனிதர் சொன்னது சரியாயிருந்தது என்பதற்காக மட்டும் வரவில்லை. என் முன் சக்கரத்தில் பிரேக் நன்றாக இருப்பதை எண்ணிப் பார்த்தேன். பேராயரிடம் நான் கடுஞ்சொல் பேசியதில்லை. சேகரக் கமிட்டியில் ஒருவர் எவ்வளவு சீண்டினாலும் பொறுமையாக விடை சொல்வேன். காணிக்கை மிகுதியாகக் கொடுக்கிறவர் தவறாகப் பேசினாலும் புன்னகைப்பேன். "நம் ஐயா சாந்தமானவர்" என்று நீங்கள் சொல்லக் கேட்டு மகிழ்ந்திருக்கிறேன். ஆனால் எனக்குத் திருப்பிப் பதில் சொல்ல இயலாதவர்களிடத்தில்? கதவு திறக்கிறவரிடத்தில், சமையலறையில் நிற்கிற துணைவியாரிடத்தில், தொலைபேசியில் முகம் தெரியாமல் பேசுகிறவரிடத்தில்? அங்கே பேட் தேய்ந்து தகடு அராவிக்கொண்டிருந்தது. முன்னால் நன்றாக இருந்ததே என்னை ஏமாற்றியது.

நம்மை நாமே சோதிக்கும்போதும் அந்த விளிம்பில்தான் அளக்கிறோம். நமக்குச் சோதனையே வராத இடத்தில் நாம் முழுத் தடிமனோடு இருக்கிறோம். குடியாதவன் குடிக்காததைக்கொண்டு தன்னை அளந்துகொள்கிறான். அவனுடைய உரசல் நாவில் இருக்கிறது. கோபமே வராதவன் தன் அமைதியைக்கொண்டு அளந்துகொள்கிறான்; அவனுடைய உரசல் பணத்தில் இருக்கிறது. உரசுகிற இடம் எதுவோ அதில் அளவுகோலை வைக்க வேண்டும். எந்த அளவோடு ஒப்பிடுவது என்பதை முடிவு செய்கிறவர்களும் நாமல்ல. நம்மை உண்டாக்கினவர் அதைப் பொறித்திருக்கிறார். தாவீது ராஜா, தன்னை ஆராய்ந்து பார்க்கும்படி தேவனையே வேண்டிக்கொண்டது இதனால்தான் என்று நினைக்கிறேன். தன் சக்கரத்தைத் தானே கழற்றிப் பார்க்கும் துணிவு எளிதில் எவருக்கும் வருவதில்லை.

கலாத்தியர் நிருபத்தில் பவுல் அடுக்கும் ஆவியின் கனிகளில் கடைசியாக வருவது இச்சையடக்கம். இறையியல் பயின்ற நாட்களில், அதற்குரிய கிரேக்கச் சொல்லான எங்க்ராத்தேயா என்பதற்கு, தன்னுள் ஆளுகை கொண்டிருத்தல் என்ற பொருள் உண்டு என்று எழுதி மதிப்பெண் பெற்றேன். யாக்கோபு நாவைக் குறித்து எழுதுகையில் குதிரையின் கடிவாளத்தையும் கப்பலின் சுக்கானையும் எடுத்துக்காட்டுகிறார். அவர் காலத்து ஊர்திகள் அவை. புளியரை மலைச்சாலையில் இறங்கியிருந்தால் பிரேக்கையும் சேர்த்து எழுதியிருப்பாரோ என்னவோ!

நம் பகுதியிலேயே ஆண்டவர் நமக்கு ஒரு பாடத்தை வைத்திருக்கிறார். குற்றாலம் பேரருவியில் குளிக்கிறவர்களில் பலர் பொங்குமாங்கடலைக் கவனிப்பதில்லை. உயரத்திலிருந்து பாய்ந்துவரும் நீர் நேராக மனிதர் தலைமேல் விழுவதில்லை. பாறையின் இடையில் உள்ள அந்த ஆழமான பள்ளத்தில் விழுந்து, பொங்கி எழுந்து, வேகம் தணிந்த பிறகே கீழே இறங்குகிறது. அந்தப் பள்ளம் மட்டும் இல்லையென்றால், அருவியின் கீழ் ஒருவரும் நிற்க இயலாது. அருவிக்கு வலிமை குறைந்துவிட்டது என்று யாரேனும் சொல்வார்களா? குழந்தையும் முதியவரும் நின்று குளிர்ச்சி பெறத்தக்க வலிமையாக அது மாறியிருக்கிறது. சொல்லும் அப்படியே. உள்ளத்தில் எழுந்தது உதட்டில் விழுமுன் ஓர் ஆழத்தில் தங்கி வரவேண்டும். அந்த ஆழத்துக்கு நான் வைத்திருக்கும் பெயர் ஜெபம்.

பாயிடம் இன்னொன்றும் கேட்டேன். வலது பின் சக்கரத்து டிஸ்க் அவ்வளவு தேயவில்லையே, இடது பக்கத்தை மட்டும் மாற்றினால் போதாதா என்று. "ஜோடியாத்தான் மாத்தணும் ஐயா. ஒரு பக்கம் பிடிச்சு மறு பக்கம் பிடிக்கலன்னா வண்டி இழுக்கும்" என்றார். அந்தச் சொல் எனக்கு வழி காட்டியது. அன்று மாலை பணியாளரின் வீட்டுக்குச் சென்று தனியே மன்னிப்புக் கேட்டேன். "அத நான் அப்பவே விட்டுட்டேன் ஐயா. வண்டி சரியாயிட்டா?" என்று மட்டும் கேட்டார். ஆனால் நான் அவரைக் கடிந்தது பலர் முன்னிலையில் அல்லவா? தனியே கேட்ட மன்னிப்பு ஒரு பக்கத்து டிஸ்க் மட்டுமே. எனவே மறு பக்கத்தையும் மாற்றும்படி, அவருடைய அனுமதியோடு, இதை உங்கள் எல்லாருக்கும் எழுதுகிறேன். நாம் ஊரறியப் புண்படுத்திவிட்டு அறைக்குள் சமாதானம் பேசுகிறோம். அந்த வண்டி ஒரு பக்கமாகவே இழுக்கும்.

பாய் புது டிஸ்க்கைப் பொருத்திய விதத்தையும் சொல்ல வேண்டும். சக்கரத்தின் மையத்தில் டிஸ்க் அமரும் இடத்தைக் கம்பி பிரஷ்ஷால் தேய்த்துத் துருவை நீக்கினார். அங்கே ஒரு துருத்துணுக்கு இருந்தாலும் புது டிஸ்க் ஆட்டங்கொடுக்கும் என்றார். துருவேறாதபடி புது டிஸ்க்கின் மேல் பூசியிருந்த எண்ணெயைத் துடைத்தெடுத்தார். என் காரின் பின் காலிப்பரில் ஹேண்ட்பிரேக்கும் சேர்ந்திருப்பதால், அதன் பிஸ்டனை அழுத்தித் தள்ளாமல் திருகித் திருகியே உள்ளே அனுப்பினார். வண்டியை நகர்த்துமுன் பெடலைப் பலமுறை மிதித்து, அது கடினப்பட்டதா என்று பார்த்தார். பிறகு என்னிடம், "புதுசுங்கறதுக்காக உடனே அடிச்சுப் பிடிக்காதீங்க. கொஞ்ச நாளைக்கு மெதுவா மிதிச்சுப் பழக்குங்க. பேட்டும் டிஸ்க்கும் ஒண்ணோட ஒண்ணு சேரணும்" என்றார்.

தேய்ந்துபோன இதயத்தைக் கடைந்து சரிசெய்வதாக ஆண்டவர் வாக்குப்பண்ணவில்லை. புதிய இதயத்தைத் தருவதாகவே எசேக்கியேல் மூலம் சொன்னார். அந்தக் கிருபை ஒரு நொடியில் வருகிறது. அதில் பழகுவதற்கோ நாட்கள் பிடிக்கின்றன. பழகும் அந்த நாட்களில் நானும் இருக்கிறேன். நேற்றும் வீட்டில் ஒருமுறை குரல் உயர்ந்தது. பாதியில் நிறுத்திக்கொண்டேன். முன்பு பாதியில் நின்றதில்லை.

இந்த வாரத்தில் இரண்டு காரியங்களைச் செய்யுங்கள். கார் வைத்திருப்போர், சாரல் முடியுமுன் பின் சக்கரங்களைக் கழற்றி, டிரம் ஆனாலும் டிஸ்க் ஆனாலும் உள்முகத்தைப் பார்க்கச் சொல்லுங்கள். கார் இருந்தாலும் இல்லாவிட்டாலும், உங்களுக்குக் கதவு திறந்துவிடுகிறவரிடம், "என்னிடத்தில் ஏதாவது சத்தம் கேட்கிறதா?" என்று கேளுங்கள். அவர் சொல்லும்போது குறுக்கே பேசாதிருங்கள்.

அன்பின் ஆண்டவரே, எங்களை ஆராயும். பிறர் காணாத பக்கத்தில் நாங்கள் தேய்ந்திருப்பதை எங்களுக்குக் காட்டும். எச்சரிக்கிற எளியவர்களின் குரலில் உம்முடைய குரலைக் கேட்கச் செய்யும். ஆமென்.