பாதிப் பாடம் தூக்கத்தில்

பைரவி அட தாள வர்ணத்தை வீணையில் இரண்டாம் காலத்துக்குக் கொண்டுவரப் பழகிய நாட்களில் ஒன்றைக் கவனித்தேன். இரவு எத்தனை முறை வாசித்தாலும் இடறுகிற இடம், காலையில் எடுத்தால் தானாக விரலில் வந்து உட்கார்ந்துவிடும். இடையில் நான் தூங்கியது மட்டும்தான். அப்படியானால் இரவெல்லாம் சாதகம் செய்தது யார்?

அந்தக் கேள்விதான் மூளை அலைகளைப் பற்றிப் படிக்க வைத்தது. ஜெர்மனியின் யேனா நகரில், மனநல மருத்துவர் ஹான்ஸ் பெர்கர் 1924இல் மனித மூளையின் மின்னலைகளை முதன்முதலில் பதிவு செய்தார், 1929இல் வெளியிட்டார். கண்ணை மூடி அமைதியாக இருந்தாலே விநாடிக்கு 8 முதல் 13 முறை துடிக்கும் ஆல்ஃபா அலைகள் எழுகின்றன. தூக்கம் கவியும்போது அவை கரைந்து, தீட்டா அலைகள் வருகின்றன. பிறகு, நூல் சுற்றிய கதிரைப் போல நடுவில் பருத்து இருமுனையிலும் ஒடுங்கும் சிற்றலைக் கொத்துகள். ஆழ்ந்த தூக்கத்திலோ மெதுவான, உயரமான டெல்டா அலைகள். அப்போது இதயத் துடிப்பு தணிகிறது, இரத்த அழுத்தம் இறங்குகிறது, தசைகள் தளர்கின்றன.

உடம்பு இப்படி ஓய்ந்திருக்கும் நேரத்தில்தான் மூளை பாடத்தைப் புரட்டுகிறது. எலிகள் ஓடித் திரிந்தபோது சேர்ந்து இயங்கிய, மூளையின் ஹிப்போகாம்பஸ் பகுதிச் செல்கள், அடுத்து வந்த தூக்கத்திலும் சேர்ந்தே இயங்கியதை 1994இல் ஆய்வாளர்கள் வில்சனும் மெக்நாட்டனும் கண்டார்கள். 2007இல் ஜெர்மன் ஆய்வாளர்கள், ரோஜா மணம் சூழ அட்டைகளின் இடங்களை மனப்பாடம் செய்தவர்களுக்கு, ஆழ்ந்த தூக்கத்தில் அதே மணத்தைக் காட்டினார்கள். மணமின்றித் தூங்கியதைவிட, காலையில் அவர்களுக்கு அதிகம் நினைவிருந்தது. விரல்களுக்கான பயிற்சியோ, பின்னிரவில் மிகுதியாக வரும் இரண்டாம் நிலைத் தூக்கத்தோடு தொடர்புடையது என்று 2002இல் வெளியான ஓர் ஆய்வு சொல்கிறது. அந்தக் கதிர் அலைகள் நிறைந்த தூக்கம் அது. என் கேள்விக்கு விடை கிடைத்தது.

இதைத் தெரிந்துகொண்ட பிறகு, தேர்வு மாதங்களில் நள்ளிரவு வரை படித்த பிள்ளையை நாலு மணிக்கே தட்டி எழுப்புவதைக் காணும்போது மனம் பதறுகிறது. அந்தப் பின்னிரவுத் தூக்கத்தைத்தான் நாம் வெட்டி எறிகிறோம். பதின்ம வயதினருக்கு 8 முதல் 10 மணி நேரம் தூக்கம் வேண்டும் என்கிறார்கள் தூக்க மருத்துவர்கள். படிப்பு அட்டவணை போடும் பெற்றோர், முதலில் அந்த நேரத்தை ஒதுக்கிவிட்டு மிச்சத்தைப் பாடங்களுக்குப் பங்கிடட்டும். தூங்குகிற பிள்ளையும் படித்துக்கொண்டுதான் இருக்கிறது.