சித்தன்னவாசலும் சிரியாவும்

சிரியாவைப் பத்தி எப்போ செய்தி வந்தாலும் எனக்கு எங்க புதுக்கோட்டைப் பக்கத்துக் குன்றுதான் ஞாபகத்துக்கு வருது. ரெண்டுக்கும் என்னய்யா சம்பந்தம்னு கேக்காதீங்க. கொஞ்சம் பொறுமையா படிங்க, சொல்றேன்.

சிரியாவுல அலவிகள்னு ஒரு சமயப் பிரிவு. மக்கள்தொகையில பத்துல ஒரு பங்குன்னு பொதுவா சொல்வாங்க. லட்டாக்கியா, டார்ட்டூஸ் பக்கத்து மலைகள்ல பல நூற்றாண்டா ஒதுங்கி வாழ்ந்த ஏழை ஜனங்க. பிரெஞ்சுக்காரன் 1920ல இவங்களுக்குன்னு தனிப் பகுதி பிரிச்சுக் கொடுத்தான். 1936ல அது சிரியாவோட சேர்ந்தது. பிழைப்புக்கு வழியில்லாத பசங்க ராணுவத்துல சேர்ந்தாங்க. அப்படிச் சேர்ந்த ஹாஃபிஸ் அல் அசாத் 1970ல ஆட்சியைப் பிடிச்சார். அவருக்கு அப்புறம் 2000ல மகன் பஷார். 2024 டிசம்பர் 8ம் தேதி அந்த ஆட்சி கவிழ்ந்தது. அடுத்த மார்ச்சுல கடலோர ஊர்கள்ல ஆயிரத்துக்கும் மேல அலவிகள் கொல்லப்பட்டாங்க. அரண்மனையை எட்டிக்கூட பார்க்காத குடியானவனும் அதுல செத்தான். ராஜா நம்மாளுன்னு பேர் வந்துட்டா, ராஜா போனதும் கணக்கு நம்ம வாசல்ல வந்துதான் தீர்க்கப்படும் போல.

இப்போ நம்ம ஊருக்கு வருவோம்.

சித்தன்னவாசல் ஓவியம் எல்லாருக்கும் தெரியும். தாமரைக் குளம், யானை, அன்னம், பூப்பறிக்கிற ஆளுங்க. நிறைய பேர் அதோட திரும்பிடுவாங்க. மலைமேல ஏறினா ஏழடிப்பட்டம்னு ஒரு குகை. பாறையிலேயே வழவழன்னு செதுக்கின படுக்கைகள். ஒண்ணுல தமிழ் பிராமி எழுத்து, ரெண்டாயிரம் வருஷத்துக்குப் பக்கம் பழசு. மத்ததுல ஏழாம் எட்டாம் நூற்றாண்டு வாக்குல தங்கின சமணத் துறவிகளோட பேர்கள்: திருநீலன், திருப்பூரணன்... ஒரு இடத்துல ஒரு சமயத்தார் இத்தனை நூற்றாண்டு விடாம இருந்திருக்காங்க!

சமணம் எப்படிப் போச்சுன்னு கேட்டா நம்ம ஆளுங்க உடனே சம்பந்தர், கூன்பாண்டியன், மதுரையில எண்ணாயிரம் பேர் கழுவேற்றம்னு கதையை முடிச்சிருவாங்க. அது நடந்ததா இல்லையான்னு அறிஞர்கள் இன்னும் அடிச்சுக்கிறாங்க. ஆனா சம்பந்தர் காலம் ஏழாம் நூற்றாண்டு. அதுக்கப்புறம் ரெண்டு நூற்றாண்டு கழிச்சு, ஸ்ரீமாறன் ஸ்ரீவல்லபன்ங்கிற பாண்டியன் காலத்துல, மதுரை ஆசிரியன் இளங்கௌதமன்னு ஒருத்தர் சித்தன்னவாசல் அறிவர் கோயிலைப் புதுப்பிச்சு முன்னாடி மண்டபமும் கட்டியிருக்கார். கல்வெட்டே இருக்கு. ஒரே ராத்திரியில துடைச்சு எறிஞ்சிருந்தா மதுரையிலிருந்து ஒருத்தர் வந்து சமணக் கோயிலுக்குத் திருப்பணி செஞ்சிருப்பாரா?

எனக்குத் தோணுறது இதுதான். ராஜா ஆதரவு மெதுவா வேற பக்கம் போச்சு. பள்ளிச்சந்தமா வந்த நிலம் குறைஞ்சுது. பாட்டும் திருவிழாவும் கோயிலைச் சுத்தியே நடந்ததால ஜனங்களும் அங்கே போனாங்க. கடைசியில குகை மட்டும் மிஞ்சிச்சு. நார்த்தாமலையில ஒரு குடைவரை இருக்கு. உள்ளே பன்னிரண்டு விஷ்ணு சிலைகள். ஆனா ஜனங்க வாயில அதுக்குப் பேர் இன்னிக்கும் ‘சமணர் குடகு’. சாமி மாறினாலும் பேர் மாறல பாருங்க.

சமணர்கள் எங்கே போனாங்க? பாதிப்பேர் நாமளேதான்னு நினைக்கிறேன். மீதிப்பேர் வடக்கே வந்தவாசி, செஞ்சி, திருவண்ணாமலை பக்கம் இன்னும் இருக்காங்க. மேல்சித்தாமூர்ல அவங்க மடம் இருக்கு. நயினார்னு பட்டம். வீட்டுப் பேச்சு சுத்தத் தமிழ்.

காலேஜ் ஹாஸ்டல்ல எனக்கு அப்படி ஒரு நண்பன் இருந்தான். பொழுது சாஞ்சா சாப்பிட மாட்டான். மெஸ்ல ராத்திரிச் சாப்பாடு எட்டு மணிக்குத்தான். அவனுக்காக முன்னாடியே ரெண்டு சப்பாத்தி எடுத்து வைக்கச் சொன்னா, “ஒருத்தனுக்காகவா?”ன்னு கேட்டாங்க. நாலு வருஷம் பாதி நாள் பிஸ்கெட்டும் வாழைப்பழமும்தான். ஜைன்னு சொன்னதும் எல்லாரும் கேக்குற முதல் கேள்வி, “மார்வாடியா?”. ஒருநாள் கடுப்பாகிட்டான். “நாங்க எங்கேயிருந்தும் வரலடா. உங்க தாத்தாதான் மாறிட்டார், எங்க தாத்தா மாறல, அவ்ளோதான்” என்றான். இன்னிவரைக்கும் எனக்கு அதுக்குப் பதில் இல்லை.

2011 கணக்கெடுப்புப்படி தமிழ்நாட்டுல ஜைனர்கள் சுமார் 89 ஆயிரம் பேர். ஏழு கோடியில இது எந்த மூலைக்கு! அதுலயும் வடக்கேயிருந்து வந்தவங்க சேர்த்தி. 2014 ஜனவரியில மத்திய அரசு ஜைனர்களைத் தேசிய அளவுல சிறுபான்மையினரா அறிவிச்சது. நல்ல விஷயம். ஆனா சான்றிதழுக்கு ஒரு ஆபீஸ் போனப்போ, “பேரு தமிழ்ப் பேரா இருக்கே, நீங்க எப்படி ஜைன்?”னு கேட்டாங்களாம், போன்ல சொல்லிச் சிரிச்சான். எனக்குச் சிரிப்பு வரல.

அலவிகளுக்கு அரியணை கிடைச்சுது, அதுவே வினையாச்சு. சமணர்களுக்கு அரியணையோட நிழல் இருந்தது, அது நகர்ந்ததும் கரைஞ்சாங்க. சின்னக் கூட்டத்துக்கு ராஜாவை நம்பிப் பிரயோஜனம் இல்லை. சட்டம் வேணும். அதைவிட, ராத்திரி எட்டு மணிச் சாப்பாட்டை ஒருத்தனுக்காக ஆறு மணிக்கு எடுத்து வைக்கிற பக்கத்து ஆள் வேணும்.

சித்தன்னவாசல் போறவங்க ஓவியத்தோட திரும்பிடாதீங்க. மேலே ஏறிப் படுக்கையில இருக்கிற பேர்களையும் படிங்க. தமிழ்ப் பேர்தான்.